பூட்டுப் போட்ட நாடுகளுக்கே கோப்பை!

நாற்காலியில் உட்கார்ந்து ஆடும் உலகப் போட்டியின் கதை

கனடா நாட்டில் வான்கூவர் என்று ஒரு நகரம் இருக்கிறது. 2025-ம் ஆண்டு ஜூலை 12-ந் தேதி அங்கே ஒரு பெரிய அரங்கில் ரசிகர்கள் கூடியிருந்தார்கள்.

மேடையில் 10 வாலிபர்கள். ஒரு பக்கம் 5 பேர். மறு பக்கம் 5 பேர். எல்லோரும் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார்கள். ஒவ்வொருவர் முன்னாலும் ஒரு கம்ப்யூட்டர்.

அவர்கள் ஓடவில்லை. குதிக்கவில்லை. பந்தைத் தொடவில்லை. விரல்கள்தான் அசைந்தன. ஆனால் கூட்டமோ ஆரவாரம் செய்தது. கால்பந்துப் போட்டியில் "கோல்" விழுந்தது போலக் கூச்சல்!

மொத்தம் 5 ஆட்டம். முதல் 4 ஆட்டங்களில் இரு தரப்பும் ஆளுக்கு 2 ஜெயித்து, சமமாக நின்றார்கள். கடைசி ஆட்டத்தில் "ஜென் ஜி" என்ற கோஷ்டி, "டி-ஒன்" என்ற கோஷ்டியைத் தோற்கடித்தது. கோப்பையைத் தட்டிக்கொண்டு போனது.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. போட்டி நடந்தது கனடாவில். ஆட்டத்தை உண்டாக்கியது ஓர் அமெரிக்கக் கம்பெனி. ஆனால் இறுதியில் மோதிய இரண்டு கோஷ்டிகளும் தென் கொரியாவைச் சேர்ந்தவை!

அதை விடப் பெரிய வேடிக்கையும் உண்டு. இந்த ஆட்டத்தில் உலகத்தை ஜெயிக்கும் நாடுகள் தென் கொரியாவும் சீனாவும்தான். பிள்ளைகள் இப்படிப்பட்ட ஆட்டங்களை இஷ்டம் போல ஆடக்கூடாது என்று சட்டம் போட்டு, பூட்டுப் போட்ட நாடுகளும் இவைதான்!

ஒரு கையில் கோப்பை. மறு கையில் பூட்டு. ஏன் இப்படி?

பிள்ளைகளைப் பெற்றவர்கள் எல்லோரும் தெரிந்துகொள்ள வேண்டிய கதை இது.

என்ன ஆட்டம் இது?

ஆட்டத்தின் பெயர் "லீக் ஆப் லெஜண்ட்ஸ்". 2009-ம் ஆண்டு வெளிவந்தது. அமெரிக்காவில் லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் உள்ள "ரயட் கேம்ஸ்" என்ற கம்பெனி உண்டாக்கியது.

கம்ப்யூட்டர் திரையில் ஒரு சதுரமான நிலம் தெரியும். ஒரு மூலையில் ஒரு கோட்டை. எதிர் மூலையில் இன்னொரு கோட்டை. இரண்டுக்கும் நடுவே 3 பாதைகள். பாதைகளுக்கு இடையே காடு. வழி நெடுகக் காவல் கோபுரங்கள்.

ஆட்டக்காரர் ஒவ்வொருவரும் ஒரு வீரனைத் தேர்ந்தெடுத்துக்கொள்வார். மொத்தம் 160-க்கும் மேற்பட்ட வீரர்கள் உண்டு. ஒவ்வொருவனுக்கும் ஒவ்வொரு திறமை. கோபுரங்களை உடைத்து, எதிரியின் கோட்டைக்குள் புகுந்து, அதன் இருதயத்தை யார் முதலில் தகர்க்கிறார்களோ அவர்களே ஜெயித்தவர்கள். ஓர் ஆட்டம் சுமார் அரை மணி நேரம் நடக்கும்.

சதுரங்கத்தைப் போல யோசனை வேண்டும். ஆனால் சதுரங்கத்தில் ஒருவர் காயை நகர்த்திய பிறகுதான் அடுத்தவர் நகர்த்துவார். இங்கே 10 பேரும் ஒரே சமயத்தில் நகர்த்துகிறார்கள்! எதிரி எங்கே ஒளிந்திருக்கிறான் என்பதும் தெரியாது. தன் ஆள் நிற்கும் இடத்தைச் சுற்றித்தான் கண்ணுக்குத் தெரியும். மற்ற இடமெல்லாம் மூடுபனி.

ஆகவே 5 பேரும் காதில் கருவியை மாட்டிக்கொண்டு, ஒருவருக்கொருவர் பேசிக்கொண்டே ஆடுவார்கள். ஒருவர் அவசரப்பட்டாலும் 5 பேரும் தோற்க வேண்டியதுதான்.

இப்படிக் கம்ப்யூட்டரில் கோஷ்டி சேர்ந்து ஆடும் போட்டிகளுக்கு "இ-ஸ்போர்ட்ஸ்" என்று பெயர்.

"இது சூதாட்டமா?" என்று சிலர் கேட்கலாம். இல்லை. பணம் கட்டி ஆடும் ஆட்டம் வேறு. இது வேறு. 2025-ம் ஆண்டு ஆகஸ்டில் இந்தியப் பாராளுமன்றம் ஒரு சட்டம் நிறைவேற்றியது. பணம் வைத்து ஆடும் ஆன்லைன் ஆட்டங்களுக்கு அந்தச் சட்டம் தடை போட்டது. இ-ஸ்போர்ட்சை அங்கீகரித்தது.

சாம்பியன்களின் சந்திப்பு

கொரியாவில் ஒரு லீக், சீனாவில் ஒரு லீக், ஐரோப்பாவில் ஒரு லீக் என்று பிரதேசம் பிரதேசமாக இந்த ஆட்டத்துக்குப் போட்டிகள் நடக்கின்றன. அங்கங்கே ஜெயித்தவர்கள் ஆண்டின் நடுவே ஓரிடத்தில் கூடி மோதுவார்கள். அதற்கு "மிட் சீசன் இன்விடேஷனல்" என்று பெயர். ஆண்டுக் கடைசியில் உலக சாம்பியன் போட்டி தனியாக நடக்கும்.

முதல் சந்திப்பு 2015-ம் ஆண்டு மே மாதம் அமெரிக்காவில் டாலஹாசி நகரில் நடந்தது. 6 கோஷ்டிகள் வந்தன. சீனக் கோஷ்டி ஜெயித்தது. 2025-ல் வான்கூவருக்கு 10 கோஷ்டிகள் வந்தன. மொத்தப் பரிசு 20 லட்சம் டாலர்.

2015 முதல் 2025 வரை 10 முறை இந்தப் போட்டி நடந்திருக்கிறது. 2020-ல் மட்டும் கொரோனாவால் நடக்கவில்லை.

யார் யார் ஜெயித்தார்கள்?

சீனா 5 முறை. தென் கொரியா 4 முறை. ஐரோப்பா ஒரே ஒரு முறை. அமெரிக்கா ஒரு முறை கூட இல்லை!

உலக சாம்பியன் போட்டியின் கணக்கும் இதே மாதிரிதான். 2011 முதல் 2025 வரை 15 முறை நடந்தது. அதில் 10 முறை தென் கொரியா. 3 முறை சீனா. தைவான் ஒரு முறை, ஐரோப்பா ஒரு முறை. ஆட்டம் பிறந்த வீடான அமெரிக்கா இங்கேயும் வெறுங்கையோடுதான் நிற்கிறது.

வேலை போனவர்கள் திறந்த கடைகள்

தென் கொரியாவுக்கு இந்தத் திறமை எப்படி வந்தது?

1997-ம் ஆண்டு அந்த நாட்டில் கடுமையான பண நெருக்கடி ஏற்பட்டது. பெரிய கம்பெனிகள் கவிழ்ந்தன. ஏராளமானோர் வேலை இழந்தார்கள். அவர்களில் பலர் கையில் இருந்த பணத்தைப் போட்டுச் சிறு கடைகள் திறந்தார்கள். கடையில் வரிசையாகக் கம்ப்யூட்டர்கள். மணிக்கு இவ்வளவு என்று வாடகை. இந்தக் கடைகளுக்குப் "பி.சி. பாங்" என்று பெயர். கொரிய மொழியில் "பாங்" என்றால் அறை.

1998-ல் "ஸ்டார் கிராப்ட்" என்ற அமெரிக்க ஆட்டம் வந்தது. பள்ளிக்கூடம் விட்டதும் பையன்கள் இந்தக் கடைகளை மொய்த்தார்கள். அதே சமயத்தில் சர்க்காரும் வேகமான இன்டர்நெட் வசதியை நாடெங்கும் பரப்பியது.

2000-ம் ஆண்டில், ஆட்டங்களை ஒளிபரப்புவதற்கென்றே ஒரு டெலிவிஷன் நிலையம் வந்தது. ஆட்டக்காரர்களை ஒழுங்குபடுத்த ஒரு சங்கமும் அமைந்தது. 2004-ல் புசான் நகரின் கடற்கரையில் மேடை போட்டு இறுதிப் போட்டி நடத்தினார்கள். கூடியவர்கள் சுமார் 1 லட்சம் பேர் என்று செய்திகள் வந்தன.

இப்படி 10 ஆண்டுக்கு மேல் பண்பட்ட நிலத்தில்தான் "லீக் ஆப் லெஜண்ட்ஸ்" வந்து இறங்கியது. வேறு நாட்டில் அது பிள்ளைகளின் பொழுதுபோக்கு. கொரியாவில் அது ஒரு தொழில்.

இரவு 12 மணிக்குப் பூட்டு

ஆனால் அதே கொரியாவில் தாய்மார்கள் கவலைப்பட்டார்கள். பிள்ளைகள் தூங்குவதில்லை, படிப்பதில்லை, கடையே கதி என்று கிடக்கிறார்கள் என்று புகார்கள் குவிந்தன.

2011-ம் ஆண்டு நவம்பரில் ஒரு சட்டம் அமுலுக்கு வந்தது. 16 வயதுக்குக் குறைந்தவர்கள் நள்ளிரவு 12 மணி முதல் காலை 6 மணி வரை ஆன்லைன் ஆட்டம் ஆட முடியாது. 12 மணி அடித்ததும் ஆட்டம் தானாக நின்றுவிடும்.

மறு ஆண்டே ஒரு சம்பவம் நடந்தது. 15 வயதுக் கொரியப் பையன் ஒருவன் "ஸ்டார் கிராப்ட்" ஆட்டத்தில் பெரிய கெட்டிக்காரன். ஐரோப்பாவில் நடக்கும் ஒரு போட்டிக்காகத் தகுதிச் சுற்று ஆடிக்கொண்டிருந்தான். ஐரோப்பாவில் அப்போது பகல். கொரியாவிலோ நள்ளிரவு நெருங்கிவிட்டது. "உன் நேரம் முடியப் போகிறது" என்று திரையில் எச்சரிக்கை வந்தது. பையன் பதறிப்போய் அவசர அவசரமாகத் தாக்கினான். பலிக்கவில்லை. தோற்றுப் போனான்.

நாட்டுக்குப் பெருமை தேடித் தரக்கூடிய பையன். ஆனால் நாட்டின் சட்டமே அவனைப் பாதியில் எழுப்பிவிட்டது! உலகெங்கும் இது பேச்சாயிற்று.

சீனாவின் பெரிய பூட்டு

சீனா போட்ட பூட்டு இதை விடப் பெரியது.

2021-ம் ஆண்டு ஆகஸ்டு 30-ந் தேதி சீன சர்க்கார் ஓர் உத்தரவு போட்டது. 18 வயதுக்குக் குறைந்தவர்கள் வெள்ளி, சனி, ஞாயிறு, விடுமுறை நாட்களில் மட்டுமே ஆன்லைன் ஆட்டம் ஆடலாம். அதுவும் இரவு 8 மணி முதல் 9 மணி வரை, ஒரே ஒரு மணி நேரம். வாரத்துக்கு 3 மணி நேரம்தான்!

இரண்டு மாதம் கழிந்தது. நவம்பர் மாதம் ஐஸ்லாந்து நாட்டில் உலக சாம்பியன் போட்டி. இறுதி ஆட்டத்தில் "இ.டி.ஜி." என்ற சீனக் கோஷ்டி கொரியக் கோஷ்டியை 3-2 என்று தோற்கடித்தது. அப்போது சீனாவில் விடியாத நேரம். கல்லூரி விடுதிகளில் மாணவர்கள் ஜன்னலைத் திறந்து ஆரவாரம் செய்தார்கள். சர்க்கார் டெலிவிஷனே வாழ்த்துச் செய்தி வெளியிட்டது.

பிள்ளைகளுக்கு வாரத்தில் 3 மணி நேரம் என்று அளந்து கொடுத்த அதே சர்க்கார், ஜெயித்த வாலிபர்களைப் புகழ்ந்தது!

முதலாளி உள்ள மைதானம்

இது முரண்பாடுதானா? கொஞ்சம் யோசித்துப் பார்த்தால் காரணம் தெரியும்.

கால்பந்துக்கு முதலாளி கிடையாது. ஒரு பையன் மாலை முழுவதும் பந்து உதைத்தால் யாருக்கும் லாபம் இல்லை. இருட்டியதும் பந்து தெரியாது. கால் வலிக்கும். தானாக வீடு திரும்புவான்.

கம்ப்யூட்டர் ஆட்டம் அப்படி அல்ல. அந்த மைதானமே ஒரு கம்பெனியின் சொத்து. "லீக் ஆப் லெஜண்ட்ஸ்" ஆட்டத்தை நடத்தும் ரயட் கம்பெனி முழுவதும், 2015 முதல், சீனாவின் "டென்சென்ட்" கம்பெனிக்குச் சொந்தம். ஆடுவதற்குக் கட்டணம் இல்லை. ஆனால் வீரனுக்குப் புது உடுப்பு, புது அலங்காரம் என்று கடை விரித்திருக்கிறார்கள். ஆடுகிறவர் எவ்வளவு நேரம் உள்ளே இருக்கிறாரோ, அவ்வளவுக்குக் கடையில் வியாபாரம் நடக்க வழி உண்டு. அங்கே இருட்டுவதும் இல்லை. கால் வலிப்பதும் இல்லை.

அதனால்தான் அந்தச் சர்க்கார்கள் பூட்டுப் போட்டன.

மேடையில் ஆடுகிறவர்கள் கதை வேறு. தென் கொரியாவின் முதல் தர லீக்கில் 10 கோஷ்டிகள் உள்ளன. கோஷ்டிக்கு 5 பேர். ஆக, முதல் வரிசையில் ஆடுகிறவர்கள் நாடு முழுவதிலும் 50 பேர்தான்! அவர்களுக்குப் பயிற்சியாளர் உண்டு. சம்பளம் உண்டு. கால அட்டவணை உண்டு. அவர்கள் வேலைக்குப் போகிறவர்கள்.

அந்த 50 பேரைப் பார்த்து வீட்டில் உட்கார்ந்து ஆடும் பிள்ளைகளோ லட்சக்கணக்கானவர்கள். அவர்களுக்கு அட்டவணை போடுகிறவர் யார்?

35 பங்கு நேரம்

மேடை ஆட்டத்தில் எவ்வளவு கண்டிப்பு என்பதற்கு 2022-ம் ஆண்டு நடந்த ஒரு சம்பவம் சாட்சி.

அந்த ஆண்டு சாம்பியன்களின் சந்திப்பு கொரியாவில் புசான் நகரில் நடந்தது. "ஆர்.என்.ஜி." என்ற சீனக் கோஷ்டியால் கொரோனாக் கட்டுப்பாட்டினால் வர முடியவில்லை. ஷாங்காயில் இருந்தபடியே ஆட அனுமதித்தார்கள்.

அங்கே ஒருவர் பட்டனை அழுத்தினால், அந்தச் செய்தி கடல் தாண்டிப் புசானுக்கு வந்து திரும்ப வேண்டும். அதற்கு ஆகும் நேரம் எவ்வளவு? ஒரு வினாடியை 1,000 பங்கு போட்டால், அதில் 35 பங்கு!

கண் இமைக்கும் நேரத்தை விடக் குறைவு. ஆனாலும் அது அநீதி என்று கருதினார்கள். புசானில் இருந்தவர்களின் கம்ப்யூட்டர்களையும் வேண்டுமென்றே 35 பங்கு தாமதமாக ஓடச் செய்தார்கள்.

இரண்டு மூன்று நாளில், புசானில் உள்ள ஆட்டக்காரர்கள், "எங்கள் கம்ப்யூட்டர் அதை விட மந்தமாக இருக்கிறது" என்று முறையிட்டார்கள். சோதித்துப் பார்த்தார்கள். புகார் உண்மை! கணக்கிட்ட முறையில் தவறு இருந்தது. சீனக் கோஷ்டி அதுவரை ஜெயித்திருந்த 3 ஆட்டங்களும் செல்லாது. திரும்ப ஆட வேண்டும் என்று உத்தரவாயிற்று.

சீன ரசிகர்கள் கொதித்தார்கள். ஆனால் கோஷ்டி திரும்ப ஆடியது. மூன்றையும் மறுபடி ஜெயித்தது! இறுதிப் போட்டியில் டி-ஒன் கோஷ்டியையும் 3-2 என்று தோற்கடித்துக் கோப்பையை வென்றது.

இவ்வளவு நுட்பமாக நீதி பார்க்கும் ஆட்டத்தை "வெறும் விளையாட்டு" என்று ஒதுக்க முடியாது. ஆனால் அந்த நுட்பத்துக்கு உடம்பு கொடுக்கும் விலையும் அதிகம்.

23 வயதில் ஓய்வு

ஜியான் ஜிஹாவோ என்ற சீன வாலிபர். ரசிகர்கள் "ஊஸி" என்று அழைப்பார்கள். 2018-ல் பாரிஸ் நகரில் ஆர்.என்.ஜி. கோஷ்டி கோப்பையை வென்றபோது அதன் நட்சத்திரம் இவர்தான். சீனாவில் இவரைத் தெரியாத மாணவர் இல்லை என்னலாம்.

2020-ம் ஆண்டு ஜூன் மாதம் இவர் ஓய்வு பெறுவதாக அறிவித்தார். அப்போது அவருக்கு வயது 23!

காரணம் என்ன? சர்க்கரை வியாதி. இடைவிடாத மன அழுத்தம், உடல் பருமன், வேளைக்குச் சாப்பிடாதது, இரவு கண் விழித்தது எல்லாம் சேர்ந்து உடம்பைக் கெடுத்துவிட்டன என்று அவரே எழுதினார். கையிலும் வலி இருந்தது. பின்னர் 2022-ல் திரும்பி வந்து சில காலம் ஆடினார். பழைய உயரத்தை எட்டவில்லை.

நிலைத்து நின்றவர் ஒருவர்

இதற்கு மாறான உதாரணமும் உண்டு. லீ சாங்-ஹியோக் என்ற கொரியர். "பேக்கர்" என்ற பெயரில் உலகப் புகழ் பெற்றவர். 1996-ல் பிறந்தார். தந்தையும் பாட்டியும் வளர்த்தார்கள்.

2013-ல் உயர்நிலைப் பள்ளியில் படிக்கும்போதே கோஷ்டியில் சேர அழைப்பு வந்தது. தந்தை சம்மதித்த பிறகே படிப்பை விட்டார். அந்த ஆண்டே உலக சாம்பியன்!

2017-ல் பெய்ஜிங் நகரில், ஒலிம்பிக் நடந்த மைதானத்தில் இறுதிப் போட்டி. அதில் தோற்று, மேடையிலேயே தேம்பி அழுதார். அடுத்த உலகப் பட்டத்துக்கு 6 ஆண்டு காத்திருந்தார். 2023, 2024, 2025 என்று தொடர்ந்து 3 முறை ஜெயித்தார். மொத்தம் 6 உலகப் பட்டம். எல்லாம் ஒரே கோஷ்டிக்காக. 2024-ம் ஆண்டு இறுதிப் போட்டியை ஒரே சமயத்தில் சுமார் 69 லட்சம் பேர் பார்த்தார்கள். சீனாவில் பார்த்தவர்கள் இந்தக் கணக்கில் இல்லை.

தென் கொரியாவில் வாலிபர்கள் ராணுவத்தில் கட்டாயம் சேவை செய்ய வேண்டும். தரைப் படையில் 18 மாதம். ஆசிய விளையாட்டில் தங்கம் வாங்கினால் இதில் விலக்கு உண்டு. 2023-ல் சீனாவின் ஹாங்சோ நகரில் நடந்த ஆசிய விளையாட்டில் இந்த ஆட்டத்துக்குத் தங்கப் பதக்கம் வைத்தார்கள். கொரியா ஜெயித்தது. பேக்கர் உள்பட 6 பேருக்கும் விலக்கு கிடைத்தது. ஒரு காலத்தில் நள்ளிரவில் பூட்டிய ஆட்டத்துக்கு, அதே நாடு கொடுத்த மரியாதை இது!

ஆனால் பேக்கரைக் காட்டி, "நானும் படிப்பை விடுகிறேன்" என்று சொல்லும் பிள்ளைக்கு ஒரு வார்த்தை. அவர் கோஷ்டி தேடிப் படிப்பை விடவில்லை. கோஷ்டி அவரைத் தேடி வந்த பிறகு விட்டார். அப்படிப்பட்ட ஆள் 10 ஆண்டுக்கு ஒருவர் கிடைத்தாலே அதிகம்.

சாவி யார் கையில்?

கொரியா போட்ட பூட்டு என்ன ஆயிற்று?

பிள்ளைகள் தகப்பனார் பெயரிலும் தாயார் பெயரிலும் நுழைந்து ஆடினார்கள். கம்ப்யூட்டரைப் பூட்டினால் செல்போனுக்குத் தாவினார்கள். செல்போன் ஆட்டங்களுக்கு அந்தச் சட்டம் பொருந்தவில்லை. கடைசியில் 2022-ம் ஆண்டு ஜனவரி 1-ந் தேதி சட்டத்தையே ரத்து செய்தார்கள். இப்போது பெற்றோரோ பிள்ளையோ கேட்டுக்கொண்டால், அவர்கள் குறிப்பிடும் நேரத்தில் ஆட்டம் நிற்கும். சர்க்கார் கையில் இருந்த சாவி வீட்டுக்கு வந்துவிட்டது.

ஆகவே பூட்டு கோப்பையைத் தடுக்கவில்லை. கோப்பை பூட்டின் அவசியத்தைப் போக்கவும் இல்லை. நேரம் குறித்து, பயிற்சியாளரோடு ஆடுகிற 50 பேருக்கு அது தொழில். நேரமே இல்லாமல் ஆடுகிறவர்களுக்கு அது வீண்.

உங்கள் வீட்டுப் பையன் செல்போனோடு உட்கார்ந்திருக்கிறானா? பிடுங்கி எறிய வேண்டாம். பக்கத்தில் போய் உட்காருங்கள். "என்ன ஆட்டம் தம்பி? யாரோடு ஆடுகிறாய்? எத்தனை மணிக்கு முடிப்பாய்?" என்று கேளுங்கள். முதல் இரண்டு கேள்விக்கும் அவன் உற்சாகமாகப் பதில் சொல்லுவான். மூன்றாவது கேள்விக்கு அவனும் நீங்களும் சேர்ந்து ஒரு பதில் கண்டுபிடியுங்கள். இரண்டு சர்க்கார்கள் சட்டம் போட்டுச் செய்யப் பார்த்த காரியம் அதுதான்.